தேதி முடிந்துவிட்டது, ஆணை எங்கே? நியமன அலுவலர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய துறைத் தலைவர்களே, நியமன அலுவலர்களே, பணியமைப்புப் பிரிவில் கோப்பு பார்க்கும் கண்காணிப்பாளர்களே, உதவியாளர்களே,

வணக்கம். நேராக விஷயத்துக்கே வருகிறேன். தமிழ்நாடு அரசுப் பணியில் நேரடி நியமனத்தில் சேர்ந்தவருக்குப் பெரும்பாலான பதவிகளில் தகுதிகாண் பருவம், அதாவது பதவிக்குப் பொருத்தமானவரா என்று பார்க்கும் காலம் என்பது தொடர்ச்சியான 3 ஆண்டுகளுக்குள் 2 ஆண்டு பணி. பதவி உயர்வில் வந்தவருக்கு 2 ஆண்டுகளுக்குள் 1 ஆண்டு. இது நான் சொல்லி உங்களுக்குத் தெரிய வேண்டியதில்லை, தினமும் நீங்கள் புரட்டும் விதிதான். ஆனால் அந்த 2 ஆண்டு முடிந்த மறுநாள் அந்த ஊழியர் என்ன நிலையில் இருக்கிறார் என்று கேட்டால், பல அலுவலகங்களில் யாராலும் பதில் சொல்ல முடியவில்லை. பருவம் முடிந்ததா? முடிந்தது. முடிந்தது என்று அறிவிக்கும் ஆணை? இன்னும் போடவில்லை. நீட்டித்திருக்கிறார்களா? அதுவும் இல்லை. கோப்பு எங்கே என்றால் "சான்று வரவேண்டியிருக்கிறது" என்கிறார்கள், எந்தச் சான்று என்றால் அதை எழுதிக் கேட்ட கடிதத்தின் நகல்கூட சில இடங்களில் இருப்பதில்லை.

சக ஊழியர்களின் மனுக்களை எழுதிக் கொடுக்கும் வேலையைப் பல ஆண்டுகளாகச் செய்துவருகிறேன். என்னிடம் வருபவர்களில் தண்டனை வாங்கியவர்கள் குறைவு. அதிகமாக வருபவர்கள் எந்தத் தவறும் செய்யாமல், எந்த மெமோவும் வாங்காமல், ஒரு காகிதத்துக்காக நிற்பவர்கள். அவர்களுக்காகத்தான் இந்த மடல். உங்களிடம் நான் கேட்பது சலுகை இல்லை. தேதி முடிந்ததும் முடிவெடுங்கள், எடுத்த முடிவை எழுத்தில் கொடுங்கள், அலுவலகத்தின் தாமதத்தை ஊழியரின் கணக்கில் எழுதாதீர்கள். கேட்பது இவ்வளவுதான்.

தாமதம் எங்கே நடக்கிறது என்று பார்த்தால், ஒரு இளநிலை உதவியாளர் சேர்ந்த நாளிலிருந்தே ஆரம்பிக்கிறது. கல்விச் சான்றுகளின் உண்மைத்தன்மை வாங்க வேண்டும். பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்புக்கு அரசுத் தேர்வுகள் இயக்ககம், பட்டத்துக்குப் பல்கலைக்கழகம், சாதிச் சான்றுக்கு வருவாய்த் துறை, முன்நடத்தைக்குக் காவல்துறை. இவை எல்லாம் வந்த பிறகு நியமனத்தை முறைப்படுத்தும் பணி வரன்முறை ஆணை, அதற்கும் பிறகு தகுதிகாண் பருவம் முடித்த ஆணை. இந்தக் கடிதங்களை அனுப்ப வேண்டியது அலுவலகம், பதில் தர வேண்டியது இன்னொரு அலுவலகம். நடுவில் இருக்கும் ஊழியருக்கு இதில் எந்த வேலையும் இல்லை. ஆனாலும் பல்கலைக்கழகத்திலிருந்து பதில் வரவில்லை என்றால் தவிப்பது அவர்தான். கடைசியில் அவரே விடுப்பு போட்டுவிட்டு பல்கலைக்கழகத்தின் தேர்வுப் பிரிவு வாசலில் போய் நிற்கிறார். நேரில் போய்க் கொண்டு வா என்று வாய்மொழியாகச் சொல்லும் பிரிவுகளும் உண்டு. சரிபார்க்கப்பட வேண்டியவரே போய்ச் சரிபார்ப்புக் கடிதத்தை வாங்கி வருவது எந்த விதத்தில் சரிபார்ப்பு ஆகும் என்று கொஞ்சம் யோசியுங்கள்.

அப்புறம் பயிற்சி. பவானிசாகரில் உள்ள அரசு ஊழியர் பயிற்சி நிலையத்தின் அடிப்படைப் பயிற்சியை முடிக்காமல் தகுதிகாண் பருவம் முடிந்ததாக அறிவிக்க முடியாது என்ற நிலையில் இருப்பவர்கள் ஏராளம். அந்தப் பயிற்சிக்கு ஊழியர் தானாகப் போய்ச் சேர முடியாது, அலுவலகம் பெயரை அனுப்ப வேண்டும், அங்கே இடம் ஒதுக்க வேண்டும், ஒதுக்கிய தேதியில் அலுவலகம் அவரை விடுவிக்க வேண்டும். தேர்தல் வேலை இருக்கிறது, ஆள் பற்றாக்குறை, அடுத்த அணியில் போகலாம் என்று ஒருமுறை தள்ளினால் அது எத்தனை மாதம் என்று யாருக்கும் தெரியாது. தள்ளியது மேலதிகாரி. ஆனால் பருவம் நீளுவது ஊழியருக்கு. துறைத் தேர்வு விஷயம் வேறு, ஆண்டுக்கு இருமுறை தேர்வாணையம் நடத்துகிறது, எழுதித் தேற வேண்டியது ஊழியரின் பொறுப்பு, அதில் நான் சலுகை கேட்கவே இல்லை. ஆனால் எந்தப் பதவிக்கு எந்தத் தேர்வு கட்டாயம் என்பதைச் சேர்ந்த அன்றே எழுதிக் கொடுக்கும் அலுவலகம் எத்தனை? சிறப்பு விதிகள் துறைக்குத் துறை மாறுகின்றன. பருவம் முடியும் நேரத்தில் போய் "உனக்கு இந்தத் தேர்வும் வேண்டுமே" என்று சொன்னால் அவர் அடுத்த மே மாதமோ டிசம்பரோ வரும்வரை காத்திருக்க வேண்டியதுதான்.

இந்த இடத்தில் சட்டம் என்ன சொல்கிறது என்பதைக் கொஞ்சம் விரிவாகப் பேச வேண்டும், ஏனென்றால் "ஆணை வராவிட்டாலும் தானாக முடிந்ததாகத்தான் அர்த்தம், கவலைப்படாதே" என்று இளைஞர்களிடம் சொல்லும் மூத்தவர்கள் இருக்கிறார்கள். அது பாதிதான் உண்மை.

1968இல் பஞ்சாப் மாநிலம் எதிர் தரம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியலமைப்பு அமர்வு ஒரு தெளிவான தீர்ப்பு கொடுத்தது. அங்கே கல்விப் பணி விதிகளில், நீட்டிப்பையும் சேர்த்துத் தகுதிகாண் பருவம் 3 ஆண்டுக்கு மேல் போகக் கூடாது என்று உச்ச வரம்பு இருந்தது. அந்த வரம்பு தாண்டியும் வழக்குத் தொடுத்த ஊழியர்களை வேலையில் வைத்திருந்துவிட்டு, 1963இல் பணியிலிருந்து நீக்கினார்கள். வரம்புக்கு மேல் நீட்டிக்க விதியே இடம் தராதபோது, அதற்கு மேல் வேலையில் தொடர விட்டால் நிரந்தரம் செய்ததாகத்தான் கொள்ள வேண்டும் என்றது நீதிமன்றம். அருமையான தீர்ப்பு. ஆனால் அது அந்த மாதிரி விதிக்குப் பொருந்தும் தீர்ப்பு. 2001இல் மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் எதிர் சத்ய நாராயண் ஜாவர் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இதையெல்லாம் சேர்த்துப் பார்த்து விதிகளை மூன்று வகையாகப் பிரித்தது. உச்ச வரம்பு சொல்லாமல் நீட்டிக்க மட்டும் அதிகாரம் தரும் விதி ஒரு வகை, அங்கே வெறுமனே வேலையில் தொடர்வதால் நிரந்தரம் ஆகாது. உச்ச வரம்பு சொல்லி, அதற்கு மேல் நீட்டிக்க இடமில்லாத விதி இன்னொரு வகை, அங்கே தரம் சிங் தீர்ப்பு பொருந்தும். மூன்றாவது வகைதான் நம்மவர்களை மாட்டிவிடுவது: உச்ச வரம்பு இருந்தாலும், தேர்வு தேறுவது மாதிரி ஏதாவது நிபந்தனை நிறைவேறி, நியமன அலுவலர் தகுதி பார்த்துத் தனியாக ஆணையிட்டால்தான் நிரந்தரம் என்று சொல்லும் விதி. அங்கே காலம் ஓடிப்போனது மட்டும் போதாது.

இதை நம் நிலைமையோடு சேர்த்துப் பாருங்கள். பயிற்சிக்கு அனுப்ப வேண்டியது நீங்கள். அனுப்பாமல் விட்டால் அந்த ஊழியர் நிபந்தனை நிறைவேறாதவர் ஆகிவிடுகிறார். நிபந்தனை நிறைவேறவில்லை என்பதால் தானாக முடிந்ததாகக் கொள்ளும் பாதுகாப்பும் அவரிடமிருந்து நழுவுகிறது. அதாவது உங்கள் மேஜையில் நின்ற ஒரு பெயர்ப் பட்டியல், நீதிமன்றம் வரை போனாலும் அவருக்கு எதிராகவே நிற்கிறது. இது நான் சொல்ல வந்ததிலேயே முக்கியமானது என்று நினைக்கிறேன். தானாக முடிந்ததாகக் கருதலாம் என்று விதியிலேயே எழுதியிருக்கும் இடங்களில்கூட, நடைமுறையில் கையில் ஆணை இல்லாமல் பணிப்பதிவேட்டில் யாரும் பதிவு போடுவதில்லை, பதவி உயர்வுப் பட்டியல் தயாரிப்பவர் அந்தப் பெயரை எடுத்துக்கொள்வதில்லை. விதி ஒருபுறம், பதிவேடு ஒருபுறம். பதிவேடுதான் கடைசியில் ஜெயிக்கிறது.

ஒன்றிய அரசு இந்த விஷயத்தில் சில நல்ல வேலைகளைச் செய்திருக்கிறது, அதைச் சொல்லித்தான் ஆக வேண்டும். 1988 மார்ச்சில் வந்த அலுவலகக் குறிப்பாணையில், பணி நிரந்தரம் என்பது ஒருவரின் பணிக்காலத்தில் ஒரே ஒருமுறை, நுழைவுப் பதவியில் மட்டும்தான் என்று வைத்து, நிரந்தரக் காலியிடம் இருந்தால்தான் நிரந்தரம் என்ற பழைய முடிச்சையும் அவிழ்த்துவிட்டார்கள். தகுதிகாண் பருவம் முடிந்ததும் நிரந்தரமா நீட்டிப்பா என்ற முடிவைச் சாதாரணமாக 6 முதல் 8 வாரங்களுக்குள் ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும், எந்த நிலையிலும் வழக்கமான காலத்தின் இரு மடங்குக்கு மேல் ஒருவரைத் தகுதிகாண் பருவத்தில் வைத்திருக்கக் கூடாது என்றும் அவர்களின் அறிவுரைகளில் இருக்கிறது. அங்கேயும் எல்லா அலுவலகங்களும் இதை ஒழுங்காகப் பின்பற்றுகின்றன என்று சொல்ல வரவில்லை. ஆனால் காட்டிக் கேட்பதற்கு வாரக் கணக்கில் ஒரு காலக்கெடு காகிதத்தில் இருக்கிறது. நம் அலுவலகங்களில் அப்படிக் காட்டிக் கேட்டால் "உன் கோப்பு மட்டும்தான் என்னிடம் இருக்கிறதா?" என்ற பதில் வருகிறது.

ஒரு ஆணை தாமதமானால் அப்படி என்ன குடிமுழுகிப் போகிறது, சம்பளம் வந்துகொண்டுதானே இருக்கிறது என்று கேட்பவர்கள் உண்டு. பதவி உயர்வுக்கான தேர்ந்தோர் பட்டியல் போடும்போது ஒரு முக்கிய நாள் வைக்கிறீர்கள். அந்த நாளில் தகுதிகாண் பருவம் முடித்திருக்க வேண்டும், துறைத் தேர்வு தேறியிருக்க வேண்டும். ஆணை அந்த நாளைக்கு அடுத்த வாரம் வந்தால் அந்த ஆண்டுப் பட்டியலில் அவர் பெயர் இருக்காது. அவருக்குப் பின்னால் தரவரிசையில் இருந்தவர், வேறு மாவட்டத்தில், சுறுசுறுப்பான ஒரு கண்காணிப்பாளரின் கீழ் சேர்ந்தவர், சரியான நேரத்தில் ஆணை வாங்கி மேலே போய்விடுவார். இருவரும் ஒரே தேர்வு எழுதி ஒரே நாளில் கலந்தாய்வில் நின்றவர்கள். ஒருவருடைய எதிர்காலம் எந்த அலுவலகத்தில் இடம் கிடைத்தது என்பதை வைத்து முடிவாகிறது. பிறகு மேல்முறையீடு, நினைவூட்டல், மீண்டும் நினைவூட்டல், கடைசியில் உயர் நீதிமன்றம். தமிழ்நாட்டில் இப்போது இதற்கென்று தனி நிருவாகத் தீர்ப்பாயம் கிடையாது, சென்னைக்கோ மதுரைக் கிளைக்கோதான் போக வேண்டும். வக்கீல் கட்டணம், பயணம், விடுப்பு, அதைவிடப் பெரியது அலுவலகத்தில் "கேஸ் போட்டவன்" என்ற பெயர். ஜெயித்து வந்தாலும் கருத்தியலான பதவி உயர்வு, அதாவது காகிதத்தில் மட்டும் பின்தேதியிட்ட உயர்வு, என்று ஒரு தேதியைக் கொடுத்துவிட்டு, நிலுவைத் தொகை கிடையாது என்று கடைசி வரியில் எழுதுகிறீர்கள். வேலை பார்க்கவில்லை, அதனால் ஊதியம் இல்லை என்பது காரணம். 1991இல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பற்றிப் பேசியிருக்கிறது. வேலை செய்யத் தயாராக இருந்தவரை, அவர் தவறு எதுவும் இல்லாமல் நிர்வாகமே ஒதுக்கி வைத்திருந்தால், வேலை இல்லையேல் ஊதியம் இல்லை என்ற விதி சாதாரணமாகப் பொருந்தாது என்று. அது ஒழுங்கு நடவடிக்கை முடிந்து முழுமையாக விடுவிக்கப்பட்டவர்கள் தொடர்பான வழக்கு. குற்றச்சாட்டே இல்லாதவருக்கு அதைவிடக் குறைவான நியாயம் கிடைப்பது எப்படிச் சரி?

பணத்தையும் பதவியையும் விடப் பெரிய இழப்பு ஒன்று இருக்கிறது, அதைக் கோப்பில் பார்க்க முடியாது. தகுதிகாண் பருவத்தில் இருப்பவர் வாய் திறக்க மாட்டார். மேலதிகாரி தவறான பில்லில் கையெழுத்துக் கேட்டால் தயங்குவார், ஆனால் போட்டுவிடுவார். தொல்லை கொடுக்கும் ஒருவரைப் பற்றி உள்ளகப் புகார்க் குழுவுக்கு எழுத வேண்டிய பெண் ஊழியர் "ஆணை வரட்டும், பிறகு பார்க்கலாம்" என்று மாதக்கணக்கில் பொறுத்துக்கொள்கிறார். 2 ஆண்டு என்று விதி வைத்த பயத்தை நீங்கள் 4 ஆண்டு, 5 ஆண்டு என்று நீட்டும்போது, ஒரு நல்ல ஊழியர் உருவாக வேண்டிய காலத்தில் அடங்கிப் போகக் கற்றுக்கொண்ட ஒருவரை உருவாக்குகிறீர்கள். அந்தப் பழக்கம் ஆணை வந்த மறுநாள் போய்விடாது. நேர்மையான நிர்வாகம் வேண்டும் என்று விழாக்களில் உறுதிமொழி எடுக்கிறோமே, அதற்குச் செய்யக்கூடிய மிகச் சுலபமான வேலை இந்த ஆணையை நேரத்தில் கொடுப்பது.

தகுதிகாண் பருவத்தில் இருப்பவரை எப்போது வேண்டுமானாலும் அனுப்பிவிடலாம் என்ற நினைப்பும் சில அலுவலர்களிடம் இருக்கிறது. பதவியில் தொடரும் உரிமை அவருக்கு முழுமையாக இல்லை என்பது சரி, 1957இல் தீர்ப்பான பர்ஷோத்தம் லால் திங்க்ரா வழக்கிலிருந்தே அது சட்டம். ஆனால் வேலைக்குப் பொருத்தமில்லை என்று மதிப்பிட்டு விடுவிப்பது வேறு, குற்றம் செய்தார் என்று முடிவு கட்டிவிட்டு, விசாரணை வைக்காமல், சாதாரண வார்த்தைகளில் எழுதிய ஆணையால் அனுப்புவது வேறு. இரண்டாவது தண்டனை. அரசியலமைப்பின் 311ஆம் பிரிவு கேட்கும் விசாரணை இல்லாமல் அதைச் செய்ய முடியாது. 1974இல் ஷம்ஷேர் சிங் வழக்கில் ஏழு நீதிபதிகள் அமர்வு, ஆணையின் வார்த்தைகளைப் பார்க்காதே, உள்ளடக்கத்தைப் பார் என்று சொல்லி, தகுதிகாண் பருவத்தில் இருந்த இரண்டு நீதித்துறை அலுவலர்களின் நீக்கத்தை ரத்து செய்தது. 1984இல் அனூப் ஜெய்ஸ்வால் வழக்கு இன்னும் பளிச்சென்றது. ஹைதராபாத் போலீஸ் அகாடமியில் பயிற்சியில் இருந்த ஐபிஎஸ் அலுவலரை, காலை உடற்பயிற்சிக்குப் பயிற்சி பெறுபவர்கள் தாமதமாக வந்த சம்பவத்தில் அவர்தான் தலைமை தாங்கினார் என்று கருதி, தகுதியில்லை என்பதுபோல் எழுதி விடுவித்தார்கள். உச்ச நீதிமன்றம் திரையை விலக்கிப் பார்த்து, இது தண்டனைதான் என்று சொல்லி அவரை மீண்டும் பணியில் சேர்க்கச் சொன்னது. இளைஞர்களே, இந்த மடல் உங்களுக்கு எழுதியதில்லை என்றாலும் இந்தப் பத்தியை மட்டும் படித்து வைத்துக்கொள்ளுங்கள், உங்களைப் பற்றி முதுகுக்குப் பின்னால் ஒரு விசாரணை நடந்து அதன் முடிவில் உங்களை விடுவித்தால் அது கேள்வி கேட்கக்கூடிய விஷயம்.

இப்போது பணிமூப்பு, அதாவது பணியில் யார் முன், யார் பின் என்ற வரிசை. இதில் மனவருத்தம் இன்னும் அதிகம், ஏனென்றால் இங்கே ஊழியரும் ஊழியரும் எதிரெதிராக நிற்கிறார்கள், பட்டியல் போட்டவர் மாறுதலாகி வேறு அலுவலகத்துக்குப் போய்விடுகிறார்.

பணிமூப்பைப் பணி நிரந்தரம் செய்த தேதியோடு கட்டிவைத்தால் என்ன ஆகும் என்பதை உச்ச நீதிமன்றம் 1977லேயே பார்த்துவிட்டது. பட்வர்தன் எதிர் மகாராஷ்டிரா வழக்கில், பல ஆண்டுகள் வேலை பார்த்தும் நிரந்தரம் செய்யப்படாத பதவி உயர்வுப் பொறியாளர்கள் ஒருபுறம், நேரடி நியமனத்தில் வந்தவர்கள் மறுபுறம். பணி நிரந்தரம் என்பது அரசுப் பணியின் பெருமை தராத நிச்சயமின்மைகளில் ஒன்று, அது ஊழியரின் திறமையையும் சார்ந்ததில்லை, நிரந்தரக் காலியிடம் இருப்பதையும் சார்ந்ததில்லை என்ற பொருளில் நீதிபதி சந்திரசூட் எழுதினார். நம் அலுவலகங்களைப் பார்த்து எழுதிய மாதிரி இருக்கும். பிறகு 1990இல், மகாராஷ்டிராவின் இரண்டாம் வகுப்புப் பொறியியல் அலுவலர்கள் சங்கம் தொடுத்த வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை உறுதிசெய்தது: விதிப்படி ஒரு பதவிக்கு நியமிக்கப்பட்டவருக்குப் பணிமூப்பு நியமன நாளிலிருந்து, நிரந்தரம் செய்த நாளிலிருந்து இல்லை. விதிக்குப் புறம்பாக, இடைக்கால ஏற்பாடாக வைத்த காலம் மட்டும் கணக்கில் வராது. ஆக, தகுதிகாண் ஆணையைத் தாமதப்படுத்துவதன் மூலம் ஒருவரின் பணிமூப்பைச் சட்டப்படி உங்களால் குறைக்க முடியாது. ஆனால் முன்னே சொன்ன அந்த முக்கிய நாள் வழியாக, பணிமூப்பு இருந்தும் பயன் இல்லாமல் செய்ய முடிகிறது. கதவைச் சட்டம் திறந்து வைத்திருக்கிறது, சாவி உங்கள் பிரிவில் இருக்கிறது.

தமிழ்நாட்டில் பணிமூப்புக்குத் தேர்வில் பெற்ற தரவரிசையா, இடஒதுக்கீட்டுப் பிரிவுகளுக்கு இடங்களை முறைவைத்துப் பகிரும் இனச்சுழற்சியா என்ற பிரச்சினை வந்தபோதும் இதே கதைதான். தேர்வாணையம் தேர்ந்தெடுத்தவர்களுக்கு 200 புள்ளி இனச்சுழற்சியில் நின்ற இடத்தை வைத்தே பல துறைகளில் பணிமூப்பு போட்டு வந்தார்கள். இனச்சுழற்சி என்பது ஒவ்வொரு பிரிவுக்கும் உரிய இடங்களை உறுதிசெய்வதற்கு, பணிமூப்பை முடிவு செய்வதற்கு இல்லை என்று 2003இலேயே பிம்லேஷ் தன்வர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. 2015இல் சென்னை உயர் நீதிமன்றம் தேர்வில் பெற்ற தரவரிசைப்படிதான் பணிமூப்பு என்றது, 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது, அதே ஆண்டு அரசு பழைய இனச்சுழற்சி முறையையே தொடர தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் (பணி நிபந்தனைகள்) சட்டத்தைக் கொண்டுவந்தது, 2019 நவம்பரில் அதன் பணிமூப்புப் பிரிவை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது, 2021 அக்டோபரில் நீதிமன்ற அவமதிப்பு வழக்கில் உச்ச நீதிமன்றம் தரவரிசைப்படியே பட்டியல் போடச் சொன்னது. இதில் யார் பக்கம் நியாயம் என்று வாதாட நான் வரவில்லை, இடஒதுக்கீடு இந்த மண்ணில் போராடிப் பெற்ற உரிமை, அதில் எனக்கு இரண்டாவது கருத்து கிடையாது. நான் சொல்வது வேறு. 2003க்கும் 2021க்கும் இடையே எத்தனை பட்டியல்கள் போட்டீர்கள்? பழைய பட்டியலை நம்பிப் பதவி உயர்வு பெற்று, அந்தப் பதவியில் ஆண்டுக்கணக்கில் பொறுப்பாக வேலை பார்த்தவர்கள் திடீரென்று கீழே இறங்க வேண்டும் என்ற நிலை வந்தது. தரவரிசையில் மேலே இருந்தும் ஆண்டுக்கணக்கில் கீழேயே நின்றவர்களும் இருக்கிறார்கள். இரண்டு பக்கமும் தவறு செய்யாதவர்கள். அந்த இருவரும் இன்று ஒரே அலுவலகத்தில் முகம் கொடுத்துப் பேசுவதில்லை.

பட்டியல் நேரத்தில் வராததற்கு இன்னொரு விலையும் இருக்கிறது. நீண்ட காலம் நிலைத்துவிட்ட பணிமூப்பைக் கலைக்கக் கூடாது, 3, 4 ஆண்டுகளுக்குள் எதிர்த்திருக்க வேண்டும் என்று சிபா சங்கர் மொஹபாத்ரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நியாயமான விதிதான், எல்லோருக்கும் ஒரு கட்டத்தில் நிம்மதி வேண்டும். ஆனால் பட்டியலை எதிர்க்க வேண்டுமானால் பட்டியல் கண்ணில் பட வேண்டுமே! தற்காலிகப் பட்டியல் என்று ஒன்றைப் போட்டு, ஆட்சேபணைக்குக் கொடுத்த நாட்கள் முடியும் சமயத்தில் கடைக்கோடி வட்ட அலுவலகத்துக்கு அது வந்து சேர்கிறது. சில துறைகளில் பல ஆண்டுகளாகப் பட்டியலே வெளியிடவில்லை, கேட்டால் வழக்கு நிலுவை என்கிறார்கள். பிறகு ஒருநாள் தூக்கத்திலிருந்து எழுந்த மாதிரி மொத்தமாக வெளியிட்டு, கேள்வி கேட்டால் "இவ்வளவு நாள் என்ன செய்தாய்?" என்று கேட்கிறார்கள்.

சரி, என்ன செய்யலாம் என்று கேட்பீர்கள். நான் கேட்பவற்றில் பெரும்பாலானவற்றுக்குப் புதுச் சட்டம் வேண்டாம். ஒருவர் பணியில் சேரும் அன்று, அவருடைய தகுதிகாண் பருவம் எந்தத் தேதியில் முடிய வேண்டும், அதற்குள் எந்தத் தேர்வு, எந்தப் பயிற்சி, எந்தச் சான்று, அதில் எது அவர் செய்ய வேண்டியது, எது அலுவலகம் செய்ய வேண்டியது என்று ஒரே ஒரு பக்கத்தில் எழுதி, இருவரும் கையெழுத்திட்டு, ஒரு நகலை அவரிடம் கொடுங்கள். சேர்ந்த தேதி, ஊழியர்களின் ஊதியமும் பணி விவரமும் பதியும் அரசின் களஞ்சியம் மென்பொருளில் ஏற்கெனவே இருக்கிறது, ஊதிய உயர்வு வரும் மாதத்தை அது காட்டுகிறது, தகுதிகாண் பருவம் முடியப்போகும் பெயர்களை 3 மாதம் முன்னதாக நியமன அலுவலரின் திரையில் காட்டுவது பெரிய தொழில்நுட்ப வேலை இல்லை. தேதி முடிந்து 8 வாரத்துக்குள் ஆணை போடுங்கள், போட முடியாவிட்டால் ஏன் முடியவில்லை என்று அவருக்கு எழுத்தில் சொல்லுங்கள். நீட்டிப்பு என்றால் காரணத்தோடு நீட்டியுங்கள், வேலை சரியில்லை என்றால் அதைப் பருவத்தின் நடுவிலேயே சொல்லித் திருத்திக்கொள்ள வாய்ப்புக் கொடுங்கள். ஒருவரின் வேலையில் குறை கண்டு நீட்டிப்பதை நான் ஒருபோதும் எதிர்க்க மாட்டேன், தகுதி காண்பதற்குத்தானே இந்தப் பருவம். எதுவும் சொல்லாமல் இருப்பதைத்தான் எதிர்க்கிறேன். உண்மைத்தன்மைச் சான்று வேறு அலுவலகத்திலிருந்து வரவில்லை என்பதற்காக நிறுத்தாதீர்கள். சான்று பொய் என்று பிறகு தெரிந்தால் நடவடிக்கை எடுக்க ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(ஆ) இருக்கவே இருக்கிறது, தகுதிகாண் ஆணை வாங்கியவர் அதற்குத் தப்ப முடியாது. அதை ஆணையிலேயே ஒரு வரியாக எழுதிவிட்டால் போதும்.

பயிற்சி விஷயத்துக்கு மட்டும் அரசாணை தேவைப்படலாம், அதைப் பணியாளர் மற்றும் நிருவாகச் சீர்திருத்தத் துறை செய்ய வேண்டும். ஊழியர் தயாராக இருந்து, இடம் ஒதுக்காததாலோ விடுவிக்காததாலோ பயிற்சி தள்ளிப்போயிருந்தால், பின்னால் பயிற்சி முடித்ததும் உரிய பழைய தேதியிலிருந்தே பருவம் முடிந்ததாக அறிவிக்க வேண்டும், இடையில் போன பதவி உயர்வுப் பட்டியலில் அவர் பெயர் தானாகவே சேர வேண்டும், அதற்கு அவர் மனு போட்டு அலையக் கூடாது. தாமதத்துக்கு அலுவலகம்தான் காரணம் என்று கோப்பே சொல்லும் இடத்தில் நிலுவைத் தொகையும் கொடுக்க வேண்டும். அந்தச் செலவு கணக்கில் ஏறினால்தான் தாமதம் யாருடையது என்று அடுத்தமுறை மேலே இருப்பவர்கள் கேட்பார்கள்.

பெண்கள் விஷயத்தில் நல்லது ஒன்று நடந்திருக்கிறது. மகப்பேறு விடுப்பு 2021இல் 12 மாதம் ஆனது, ஆனால் தகுதிகாண் பருவம் என்பது பணியில் இருந்த நாட்களைக் கணக்கிடுவது என்பதால், அந்த விடுப்பு முழுவதும் பருவத்தை அப்படியே தள்ளிவிட்டுக்கொண்டிருந்தது. பிள்ளை பெற்றதற்காகப் பதவி உயர்வில் பின்தங்கினார்கள் என்பதை நாகரிகமான வார்த்தையில் சொல்ல முடியாது. 2025 ஏப்ரலில், மகப்பேறு விடுப்பையும் தகுதிகாண் பருவத்துக்குக் கணக்கில் எடுத்துக்கொள்ளும் அறிவிப்பை முதலமைச்சர் சட்டமன்றத்தில் வெளியிட்டார். மனமார வரவேற்கிறேன். ஆனால் அதற்கு முன்பு விடுப்பு எடுத்து, பருவம் தள்ளிப்போய், முக்கிய நாளைத் தவறவிட்ட பெண்கள் இன்னும் அந்தப் பின்தங்கிய இடத்திலேயே இருக்கிறார்கள். அவர்களின் கோப்புகளை நீங்களாகவே எடுத்துப் பாருங்கள், அவர்கள் வந்து கேட்கும்வரை காத்திருக்காதீர்கள்.

பணிமூப்புப் பட்டியலை ஆண்டுக்கு ஒருமுறை, ஒரே மாதத்தில், துறையின் இணையதளத்தில் எல்லோரும் பார்க்கும்படி வெளியிடுங்கள். பெயருக்கு எதிரே தரவரிசை, நியமன நாள், பருவம் முடித்த நாள் மூன்றும் இருக்கட்டும். ஆட்சேபணைக்கு ஒரு மாதம் முழுதாகக் கொடுங்கள். வந்த ஒவ்வொரு ஆட்சேபணைக்கும், ஏற்றாலும் மறுத்தாலும், காரணத்தோடு பதில் எழுதுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் பணம் கட்டி ஊழியர் கேட்டு வாங்கும் நிலை வேண்டாம், அந்தச் சட்டத்தின் 4ஆம் பிரிவே பொது அமைப்புகள் தகவலைத் தாமாக முன்வந்து வெளியிட வேண்டும் என்றுதான் சொல்கிறது.

பணியமைப்புப் பிரிவில் இருப்பவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. உங்கள் பிரிவிலும் ஆள் இல்லை, ஒருவரே மூன்று இருக்கை பார்க்கிறீர்கள், உங்களில் பலருக்கே தகுதிகாண் ஆணை இன்னும் வரவில்லை என்பது எனக்குத் தெரியும். அதனால்தான் இதை உங்கள் மேல் கோபமாக எழுதவில்லை. ஆனால் அந்தக் கோப்பு எந்த மேஜையில் நிற்கிறது என்று உங்களைத் தவிர வேறு யாருக்கும் தெரியாது. இந்த வாரம் உங்கள் இருக்கையின் பதிவேட்டை எடுத்து, 2 ஆண்டு முடித்தும் ஆணை பெறாதவர்கள் யார் யார் என்று ஒரு தாளில் எழுதி, ஒவ்வொரு பெயருக்கும் எதிரே எது நிலுவை, யாரிடம் நிலுவை என்று குறித்து, அலுவலரின் பார்வைக்கு வையுங்கள். அவர்களில் ஓய்வு பெறும் தேதி நெருங்கியவர்கள் யாராவது இருந்தால் அந்தப் பெயர்களை முதலில் எழுதுங்கள்.

இப்படிக்கு,
சக ஊழியர்களின் மனுக்களை எழுதிக்கொடுக்கும் ஓர் அரசு ஊழியர்